எவான் என்றால் ‘இளம் வீரன்’ என்று பொருளா?

நீங்கள் எழுதியதைச் சுருக்கினால் இப்படி வருகிறது. கணவர் பிரிட்டனின் ஒரு பகுதியான வேல்ஸின் தலைநகர் கார்டிஃபில் படித்தவர். அங்கே காதில் விழுந்து பிடித்துப்போன ஒரு பெயரை, பிறந்து இரண்டு மாதமான மகனுக்கு வைக்க ஆசைப்படுகிறார். ஆங்கில எழுத்தில் இ-வி-ஏ-என். பொருள் தேடினால் ஒரு தளம் ‘இளம் வீரன்’ என்கிறது, இன்னொன்று ‘கடவுள் அருள் செய்தார்’ என்கிறது, மூன்றாவது ‘யூ மரத்தில் பிறந்தவன்’ என்கிறது (யூ என்பது ஐரோப்பாவில் வளரும் ஒரு பசுமைமாறா மரம்). வேல்ஸ் பெயர் என்பவர்களும் உண்டு, எபிரேயப் பெயர் என்பவர்களும் உண்டு. இதற்கிடையில் மாமியார், “எவன்னு யாராவது புள்ளைக்குப் பேர் வைப்பாங்களா?” என்று கேட்டுவிட்டார். எந்தப் பொருள் சரி என்பதுதான் உங்கள் நேரடிக் கேள்வி. ஒரு பெயருக்கு மூன்று பொருள் எப்படி வந்தது, பையன் வளர்ந்து கேட்டால் எதைத் தயங்காமல் சொல்லலாம் என்பதும் அதற்குள் இருக்கிறது. மாமியாரின் கேள்வியையும் லேசாக எடுத்துக்கொள்ளக் கூடாது. அதைக் கடைசியில் பார்க்கலாம்.

உறுதியானதை முதலில் சொல்லிவிடுகிறேன். எவான் என்பது யோவான்தான். நம் ஊர் வேதாகமத்தில் இருக்கும் அதே யோவான், ஆங்கிலத்தில் ஜான், ஸ்பானிய மொழியில் ஹுவான், இத்தாலிய மொழியில் ஜொவான்னி, ரஷ்ய மொழியில் இவான், மலையாளத்தில் யோகன்னான். அந்தப் பெயர் வேல்ஸில் பல நூற்றாண்டுகள் பேசப்பட்டு உருமாறி, பிறகு ஆங்கில எழுத்துமுறைக்குள் வந்தபோது கிடைத்த வடிவம்தான் எவான். ஆகவே வேல்ஸ் பெயர் என்பவரும் சரி, எபிரேயப் பெயர் என்பவரும் சரி. வேர் எபிரேயம், இந்த வடிவம் வேல்ஸுக்கு உரியது.

வேரில் இருப்பது ‘யோஹானான்’. ‘யோ’ என்பது யாவே என்னும் இறைப்பெயரின் சுருக்கம். ‘ஹானான்’ என்பது அருள் செய்தார், இரங்கினார் என்னும் வினை. முழுப் பெயரும் ஒரு சிறு வாக்கியம்: ‘யாவே அருள் செய்தார்’. ‘கடவுள் அருளுடையவர்’ என்று சில தளங்கள் போடுவது ஏறத்தாழச் சரிதான். ஆனால் உள்ளே இருப்பது ஒரு பண்பைச் சொல்லும் சொல் அல்ல, நடந்து முடிந்த ஒரு செயலைச் சொல்லும் வினை. பிள்ளை பிறந்த வீட்டில் நன்றியாகச் சொல்லப்படும் வாக்கியம் என்று நினைத்துக்கொண்டால் பொருத்தமாக இருக்கும். சாமுவேலின் தாய் அன்னாளின் பெயரும் இதே வினைவேரிலிருந்து வந்ததுதான். தமிழ் வேதாகமம் வீட்டில் இருந்தால் ஒன்றைப் பார்க்கலாம். எரேமியா புத்தகத்தில் கரேயாவின் மகனாக ஒருவர் வருகிறார், பெயர் யோகனான். புதிய ஏற்பாட்டில் வருபவர் யோவான். இரண்டும் ஒரே பெயர். முதலாவது எபிரேயத்திலிருந்து நேரே வந்ததால் நடுவில் ‘க’ நிற்கிறது. இரண்டாவது கிரேக்கத்தின் வழியாக வந்தது. கிரேக்கத்தில் அந்த ஒலிக்கு எழுத்து இல்லாததால் அது உதிர்ந்து ‘இயோஆன்னேஸ்’ ஆனது. லத்தீனில் மறுபடி ‘ஹ’ எழுதினார்கள், ஆனால் பேச்சில் அது ஒலிக்கவில்லை.

ஒலிக்காமல் போன அந்த ‘ஹ’தான் அடுத்த மாற்றத்துக்கு வழிவிட்டது. ‘ஹ’ போனதும் ஓகாரமும் அகரமும் நேருக்கு நேர் முட்டுகின்றன. இரண்டு உயிர் அப்படி முட்டினால் என்ன ஆகும் என்று தமிழ் படித்தவர்களுக்குச் சொல்ல வேண்டியதில்லை. ஓகாரத்துக்குப் பின் உயிர் வந்தால் வகர உடம்படுமெய் தோன்றும். பிற்கால லத்தீன் பேச்சிலும் இதேதான் நடந்தது; ‘யோஅன்னெஸ்’ என்பது ‘யோவன்னெஸ்’ போல ஒலித்தது. இத்தாலிய ஜொவான்னியில் இருக்கும் ‘வ’ அப்படி வந்தது. வேல்ஸ் மொழிக்குப் போன வடிவத்திலும் அதே இடத்தில்தான் ‘வ’ நிற்கிறது. தமிழ் யோவானிலும் வேல்ஸ் எவானிலும் வகரம் ஒரே இடத்தில் வந்து உட்கார்ந்திருப்பதற்குக் காரணம் இதுவே. ஒன்றிடமிருந்து மற்றது வாங்கவில்லை. வாய்க்கு எளிதான வழி இரண்டு இடத்திலும் ஒன்றாக இருந்தது.

வேல்ஸில் இந்தப் பெயர் முதலில் எடுத்த வடிவம் ‘யேயன்’. எழுத்துகள் ஐ, இ, யூ, ஏ, என். இடைக்கால வேல்ஸ் ஆவணங்களில் மிக அதிகம் வரும் ஆண்பெயர்களில் இது ஒன்று. அந்தக் காலக் கையெழுத்தில் ‘யூ’வும் ‘வி’யும் தனித்தனி எழுத்துகள் அல்ல, அதனால் ஒரே எழுத்துக்கூட்டை ‘யேயன்’ என்றும் ‘யேவன்’ என்றும் படிக்கலாம், பேச்சிலும் இரண்டுமே இருந்தன. யேவன் தேய்ந்து ‘ஈவன்’ ஆயிற்று. இதை இன்றைய வேல்ஸ் எழுத்துமுறையில் ஐ-எஃப்-ஏ-என் என்று எழுதுவார்கள். அங்கே ஒற்றை எஃப் எழுத்துக்கு ‘வ’ ஒலி. ‘ஃப’ ஒலி வேண்டுமென்றால் எஃப்பை இரண்டு முறை எழுத வேண்டும். ‘வி’ என்ற எழுத்தே வேல்ஸ் நெடுங்கணக்கில் கிடையாது. அப்படியானால் ‘வி’ போட்டு எழுதும் எவான் வேல்ஸ்காரர்கள் தங்கள் மொழிக்காக எழுதிக்கொண்ட வடிவமாக இருக்க முடியாது. 1536இல் வந்த சட்டம் வேல்ஸை இங்கிலாந்தோடு இணைத்து, நீதிமன்றத்துக்கும் அரசுப் பதவிக்கும் ஆங்கிலத்தையே மொழியாக்கியது. அதன்பின் ஈவன் என்று கேட்டதை ஆங்கில வழக்கப்படி எழுதி எழுதி நிலைத்ததுதான் இந்த எழுத்துக்கூட்டு. 1588இல் வெளியான வேல்ஸ் வேதாகமம் லத்தீனை ஒட்டி ‘யோ-அன்’ என்ற வடிவத்தை எடுத்தது. அதுவும் தனிப்பெயராக இன்றுவரை வழங்குகிறது. ஆங்கில ஜான் மறுபடி வேல்ஸுக்குள் நுழைந்து ‘ஷோன்’ ஆனது. ஆக ஒரே பெயர் யேயன், ஈவன், யோ-அன், ஷோன், எவான் என்று ஐந்து உருவத்தில் ஒரே நாட்டில் புழங்குகிறது.

ஈவனும் யோவானும் ஒன்று என்பது மொழியியலாளர்களின் ஊகம் மட்டும்தானா என்று நீங்கள் கேட்கலாம். வரைபடத்திலேயே சான்று இருக்கிறது. வடக்கு வேல்ஸில் கான்வி ஆற்றின் மேல்பகுதியில் ‘அஸ்பட்டி ஈவன்’ என்று ஒரு சிற்றூர் உண்டு. ‘அஸ்பட்டி’ என்றால் இன்றைய வேல்ஸ் மொழியில் மருத்துவமனை. பழைய பொருள் வழிப்போக்கர் தங்கும் விடுதி. 12ஆம் நூற்றாண்டின் இறுதியில் புனித யோவான் சபையின் துறவு வீரர்கள் அங்கே ஒரு விடுதி நடத்தினார்கள்; ஊர்ப்பெயர் அதிலிருந்து வந்தது. அங்கே ஈவன் என்பது புனித யோவானைத்தான் குறிக்கிறது, வேறு யாரையும் குறிக்க வழியில்லை. ஜூன் 24ஆம் தேதி வரும் யோவான் திருநாளையும் வேல்ஸ் மக்கள் ‘கூயில் ஈவன்’, அதாவது ஈவன் திருவிழா என்றே சொல்கிறார்கள். லத்தீனில் பதிவெழுதிய எழுத்தர்களும் யேயன் என்ற ஆளை ‘யோஹன்னெஸ்’ என்றே குறித்தார்கள். அந்தப் பெயரைச் சொன்னவர்களும் எழுதியவர்களும் அது யோவான் என்று தெரிந்தேதான் வைத்தார்கள்.

குடும்பப்பெயர்களையும் கொஞ்சம் பார்த்துவிடலாம், ஏனென்றால் கணவர் கார்டிஃபில் இவற்றைத் தினமும் கேட்டிருப்பார். வேல்ஸில் பழைய வழக்கம் நம் இனிஷியல் போன்றது: நிலையான குடும்பப்பெயர் இல்லை, தன் பெயரோடு அப்பா பெயர். நடுவில் ‘மகன்’ என்று பொருள்படும் ‘ஆப்’ வரும். உயிரெழுத்துக்கு முன் அதன் ‘ப்’ ஒலி, ‘பம்பரம்’ என்பதில் இரண்டாவதாக வரும் பகரம் போல மெலிந்து ஒலிக்கும். அந்த மெல்லொலி ஈவனோடு ஒட்டி ‘பெவன்’ ஆனது. 1948 ஜூலை 5 அன்று பிரிட்டனில் தேசிய மருத்துவச் சேவையைத் தொடங்கிவைத்த அமைச்சர் அனைரின் பெவனின் பெயர் அப்படி வந்த பெயர். எவானோடு ஆங்கில ‘எஸ்’ சேர்ந்தால் எவன்ஸ். ஜானோடு சேர்ந்தால் ஜோன்ஸ். வேல்ஸின் பழைய எழுத்துவரிசையில் ‘ஜே’ இல்லை, ஆனாலும் அங்கே மிகப் பரவலான குடும்பப்பெயர் ஜோன்ஸ்தான். பெவன், எவன்ஸ், ஜோன்ஸ் மூன்றும் ‘யோவான் மகன்’ என்பதன் மூன்று எழுத்துக்கூட்டுகள். வேல்ஸ் ரக்பி அணியின் முன்னாள் தலைவர் யேயன் எவன்ஸின் பெயரில் முன்பாதியும் பின்பாதியும் ஒரே பெயர்.

இதைவிடத் தெளிவான ஓர் எடுத்துக்காட்டு வேல்ஸ் நாட்டுப்பண்ணோடு வருகிறது. 1856இல் பொன்டப்ரீத் ஊரில் அதற்குச் சொற்களை எழுதியவர் தந்தை, மெட்டமைத்தவர் மகன். ஆங்கிலப் பதிவேட்டில் தந்தை எவான் ஜேம்ஸ், மகன் ஜேம்ஸ் ஜேம்ஸ். கவிஞர்களாகத் தங்களுக்குச் சூட்டிக்கொண்ட பெயரில் தந்தை ‘யேயன் ஆப் யாகோ’, மகன் ‘யாகோ ஆப் யேயன்’. யாகோ என்பது நம் யாக்கோபு. ஆங்கிலத்துக்கு எவான், தன் மொழிக்கு யேயன் என்று ஒரே ஆள் இரண்டையும் அவரவர் இடத்தில் வைத்திருந்தார். எவானுக்கும் யேயனுக்கும் உள்ள உறவு வேல்ஸ்காரர்களுக்கு எவ்வளவு தெளிவாக இருந்தது என்பதற்கு இது போதும்.

இனி ‘இளம் வீரன்’. இதில் பாதிக்கு ஒரு காரணம் இருக்கிறது, மறுபாதிக்கு இல்லை. வேல்ஸ் மொழியில் ‘இளைய’ என்பதற்குச் சொல் ‘ஈவங்க்’. பழைய வடிவம் ‘யேயங்க்’. யேயன் எப்படி ஈவன் ஆனதோ அப்படியே யேயங்க் ஈவங்க் ஆகியிருக்கிறது. ஒரே தொடக்கம், ஒரே மாற்றம். பக்கத்தில் வைத்துப் பார்ப்பவர் இரண்டும் ஒரே சொல் என்று நினைப்பது இயல்பு. ஆனால் ஈவங்க் லத்தீனிலிருந்து வந்ததே அல்ல. அது வேல்ஸ் மொழியின் சொந்தக் குடும்பமான கெல்டிக் மொழிகளின் பழைய சொல். ஆங்கிலத்தின் ‘யங்’கும் சமஸ்கிருதத்தின் ‘யுவன்’னும் அதற்குத் தூரத்து உறவு. கிறிஸ்தவத்தோடு வேல்ஸுக்கு வந்த ஒரு புனிதரின் பெயருக்கும் அதற்கும் ஒலி ஒற்றுமை மட்டுமே. ‘வீரன்’ என்ற பாதிக்கு எவான் என்ற சொல்லில் ஓர் எழுத்துகூட ஆதாரம் இல்லை. இதே ‘இளம் வீரன்’ பொருளை ஓவன் என்ற வேறொரு வேல்ஸ் பெயருக்கும் தளங்கள் போடுகின்றன. ஓவனின் வேர் பற்றி அறிஞர்களிடையே இன்றும் ஒருமித்த முடிவில்லை. ‘நற்குடிப் பிறந்தவன்’ என்ற கிரேக்க வேரிலிருந்து வந்ததாகச் சொல்வோர் உண்டு, மறுப்போரும் உண்டு. நிச்சயமில்லாத அந்தப் பொருளை எவானுக்கும் ஒட்டவைத்தால் அது இரட்டைத் தவறு. ‘இளம் வீரன்’ என்று பெயர்ப்பலகையில் எழுதிவிடாதீர்கள்.

‘யூ மரத்தில் பிறந்தவன்’ என்பது கொஞ்சம் வேறு விஷயம். அதை ஒரேயடியாகத் தள்ள முடியாது. அயர்லாந்திலும் ஸ்காட்லாந்திலும் ‘ஓவன்’ என்பதற்கு நெருங்கிய ஒலியில் ஒரு பழைய கேலிக் பெயர் உண்டு. ஸ்காட்லாந்தில் அது யூவன் என்று ஆங்கில எழுத்துக்கு வந்தது. யூ மரப் பொருள் சொல்லப்படுவது அந்தப் பெயருக்கு. அதிலும் எல்லோரும் உடன்படவில்லை. ஆனால் ஸ்காட்லாந்து மலைநாட்டில் சில குடும்பங்கள் தங்கள் யூவனை ஆங்கிலத்தில் எழுதும்போது வேல்ஸ்காரர்களைப் போலவே இ-வி-ஏ-என் என்று எழுதின. ஆகையால் ஸ்காட்டிஷ் வம்சாவளியில் வந்த ஓர் எவானுக்கு அந்த வேர் பொருந்தக்கூடும். எழுத்துக்கூட்டு ஒன்றாக இருந்தாலும் வந்த வழி வேறு. எழுத்துக்கூட்டை மட்டும் வைத்து இதைத் தீர்க்க இயலாது, எந்தக் குடும்பம், எந்தப் பகுதி என்று பார்த்தால்தான் தெரியும். உங்கள் கணவர் பெயரை எடுத்தது வேல்ஸிலிருந்து. உங்கள் மகன் பெயருக்கு யோவான் வழிதான்.

இவான், ஈவான் என்று இப்போது நம் ஊரிலும் பெயர்கள் வருகின்றன. ‘ஏ’யை இரட்டித்து எழுதி அவற்றுக்குச் சமஸ்கிருதப் பொருளும் போடுகிறார்கள். வேல்ஸ் பெயருக்கும் அதற்கும் சம்பந்தமில்லை. ரஷ்ய இவான் உறவுதான், ஆனால் மூதாதை அல்ல: கிரேக்கத்திலிருந்து ஸ்லாவ் மொழிகளுக்குப் போன வேறொரு கிளை.

நீங்கள் கேட்காத ஒன்றையும் சொல்ல வேண்டும். இது கிறிஸ்தவ வழியாகப் பரவிய பெயர். அதற்குள் இருப்பது எபிரேயரின் இறைப்பெயர். வேல்ஸிலும் ஆங்கிலம் பேசும் நாடுகளிலும் இன்று மதம் பார்க்காமல் இதை வைக்கிறார்கள், எவான் என்றதும் யாருக்கும் வேதாகமம் நினைவுக்கு வருவதில்லை. வீட்டுப் பெரியவர்களுக்கு இது ஒரு பொருட்டாக இருக்குமானால், பின்னால் வேறொருவர் வாயிலிருந்து தெரிவதைவிட நீங்களே முன்கூட்டிச் சொல்லிவிடுவது நல்லது. சொல்லும்போது ‘அருள்’ என்ற சொல்லைப் பிடித்துக்கொள்ளுங்கள், அது வெறும் சமாளிப்பு அல்ல. தமிழ்க் கத்தோலிக்கர்கள் யோவானை அருளப்பர் என்றே நெடுங்காலம் அழைத்தார்கள். 1693இல் ஓரியூரில் கொல்லப்பட்ட போர்ச்சுக்கீசியத் துறவி ஜான் டி பிரிட்டோவை நம் மக்கள் அருளானந்தர் என்கிறார்கள். ஜானில் இருக்கும் அருளைத் தமிழ் அன்றே வெளியே எடுத்து வைத்துவிட்டது. தாத்தா பாட்டி கூப்பிட வீட்டில் ஒரு தமிழ்ப் பெயர் வேண்டுமென்றால் அருள், அருளன், அருள்மொழி எல்லாம் எவானின் பொருளோடு அப்படியே பொருந்தும்.

இப்போது மாமியாரின் கேள்வி. அவர் சொல்வதில் நியாயம் இருக்கிறது. ஆங்கிலத்தில் இந்தப் பெயரின் முதல் அசை குறில், அழுத்தமும் அங்கேதான். இரண்டாவது அசை தேய்ந்து ஒலிக்கும். கேட்டதைக் கேட்டபடி தமிழில் எழுதினால் ‘எவன்’ என்றுதான் வரும். அதை வாக்கியத்தில் வைத்துப் பாருங்கள்: ‘எவன் வந்தான்’, ‘எவனுக்குக் கொடுத்தாய்’, ‘எவனைக் கூப்பிட்டாய்’. ஒவ்வொன்றும் கேள்வியாகிவிடுகிறது, அதுவும் மரியாதை குறைந்த கேள்வியாக. வகுப்பில் வருகைப்பதிவு வாசிக்கும் ஒவ்வொரு நாளும் பிள்ளை இதைச் சந்திக்க வேண்டும். இகரம் போட்டு ‘இவன்’ என்று எழுதினாலும் அதே கதை. வகரத்துக்கு ஒரு கால் போட்டால் சிக்கல் முழுவதும் தீர்கிறது: எவான், எவானுக்கு, எவானை. தமிழில் அந்த வடிவத்துக்கு வேறு பொருள் கிடையாது, வேற்றுமை உருபுகளும் இயல்பாக ஒட்டுகின்றன. அழுத்தம் கொஞ்சம் இரண்டாம் அசைக்கு நகரும், அதனால் நஷ்டமில்லை.

கணவர் வேல்ஸ் மொழியின் ஒலிதான் வேண்டும் என்று பிடிவாதமாக இருந்தால் ‘ஈவன்’ என்று எழுதலாம். வேல்ஸ் உச்சரிப்புக்கு அதைவிடப் பக்கத்தில் போக முடியாது. ‘ஈவான்’ என்றும் எழுதலாம். பழந்தமிழ்ப் படிப்பு உள்ளவர் கண்ணுக்கு அது ‘கொடுப்பான்’ என்று படும், நல்ல பொருள்தான். ஆனால் அப்போது ஆங்கில எழுத்துக்கூட்டு இடிக்கும். இ-வி-ஏ-என் என்று எழுதினால் பள்ளியில் எல்லோரும் குறிலாகவே படிப்பார்கள். வேல்ஸ் எழுத்துமுறையில் ஐ-எஃப்-ஏ-என் என்று எழுதினால் நம் ஊரில் ‘இஃபான்’ என்று படிப்பார்கள், பிறகு ஆயுள் முழுக்கத் திருத்திக்கொண்டிருக்க வேண்டும். என் பரிந்துரை ஆங்கிலத்தில் இ-வி-ஏ-என், தமிழில் எவான். ஆங்கிலத்தில் ‘ஏ’யை இரட்டிக்க வேண்டாம், இரட்டித்தால் வெளிநாட்டில் படிப்பவர் அதை வேல்ஸ் பெயராகப் பார்க்கமாட்டார்.

பிறப்புச் சான்றிதழ் தமிழிலும் ஆங்கிலத்திலும் அச்சாகிறது என்பதால் தமிழ் எழுத்துக்கூட்டை நீங்கள் முடிவு செய்யாவிட்டால் தட்டச்சு செய்பவர் முடிவு செய்துவிடுவார். ஆங்கிலத்தைப் பார்த்து அவர் அடிப்பது பெரும்பாலும் ‘எவன்’ ஆகத்தான் இருக்கும். மருத்துவமனையிலிருந்து பெயர் இல்லாமல் பிறப்பு மட்டும் பதிவாகியிருந்தால் அவசரமில்லை: பதிவு செய்த நாளிலிருந்து 12 மாதத்துக்குள் பெயரைக் கட்டணமில்லாமல் சேர்க்கலாம், அதன் பிறகு தாமதக் கட்டணத்தோடு 15 ஆண்டு வரை சேர்க்கலாம். ஒருமுறை ஏறிய பெயரை மாற்றுவதுதான் கடினம். பிறப்பு பதிவான அலுவலகத்துக்குப் போகும்போது விண்ணப்பத்தில் இரண்டு மொழியிலும் பெயரைத் தெளிவாக எழுதிக் கொடுங்கள். இறுதி அச்சுக்கு முன் திரையில் வரும் தமிழ் வரியைக் காட்டச் சொல்லி, வகரத்துக்குப் பக்கத்தில் கால் இருக்கிறதா என்று பார்த்துவிட்டுச் சரி சொல்லுங்கள்.